பெரியம்மா வீட்டு கறுப்புப் பொட்டி

போன தடவை பந்தலூர் போயிருந்தபோது பெரியம்மா வீட்டு டிவிக்குக் கீழே புதுசாக ஒரு கறுப்புப் பொட்டி உட்கார்ந்திருந்தது. உள்ளங்கை அகலம்தான் இருக்கும். பேர் எதுவும் போடவில்லை, மேலே "4கே" என்று மட்டும் அச்சடித்திருந்தது. "சிலோன் டிவி வருது தம்பி. சக்தி வருது, வசந்தம் வருது" என்று ரிமோட்டை எடுத்து ஒவ்வொன்றாகத் திருப்பிக் காட்டினார்.

பெரியம்மா பிறந்தது ஹட்டன் பக்கம் ஒரு தோட்டத்தில். 1964 சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தப்படி குடும்பத்தோடு தலைமன்னாரில் கப்பலேறி, ராமேஸ்வரத்தில் இறங்கி, கடைசியில் இந்த மலைக்கு வந்து கொழுந்து பறித்தே காலம் போனவர். கூடலூர், பந்தலூர், கோத்தகிரி பக்கம் இப்படி எத்தனையோ குடும்பங்கள். இவர்களுக்காகத்தான் அரசு டேன்டீ தோட்டங்களையே போட்டது. ஐம்பது வருஷம் ஆகிவிட்டது, இன்னும் "நம்மூர் செய்தி" என்றால் அவருக்கு அது கொழும்புச் செய்திதான்.

பொட்டியை பஜாரில் ஒரு மொபைல் கடையில் வாங்கியிருக்கிறார். பொட்டி 2,500, வருஷ சந்தா 1,500. எட்டாயிரம் சேனல் என்று சொல்லிக் கொடுத்திருக்கிறார்கள். நான் கிளம்பும் நேரத்தில் தயங்கித் தயங்கி ஒன்று கேட்டார்: "மேல் வீட்டுப் பையன் சொல்றான், இதப் பாத்தா போலீஸ் புடிக்குமாம். நெசமா தம்பி?"

விசாரித்துச் சொல்றேன் பெரியம்மா என்று வந்துவிட்டேன். அதன் விளைவுதான் இந்தக் குறிப்பு. பதில் அவர் எதிர்பார்த்த மாதிரியும் இல்லை, நான் எதிர்பார்த்த மாதிரியும் இல்லை.

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடலாம். ஐபிடிவி என்றாலே திருட்டு என்று பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. டிவி சேனலை டிஷ், கேபிள் வழியாக அனுப்பாமல் இணைய வயர் வழியாக அனுப்புவதற்குப் பேர்தான் ஐபிடிவி. பிஎஸ்என்எல்லே 2024 அக்டோபரில் மத்தியப் பிரதேசத்திலும் தமிழ்நாட்டிலும் தன் ஃபைபர் இணைப்பில் ஐஎஃப்டிவி என்று இப்படி ஒரு சேவையை ஆரம்பித்தது. சேனல்காரர்களிடம் அனுமதி வாங்கி, பணம் கட்டி நடத்தினால் அது முறையான சேவை. பெரியம்மா வீட்டுப் பொட்டிக்குப் பின்னால் அப்படி அனுமதி எதுவும் கிடையாது. தொழில்நுட்பம் ஒன்றுதான், உரிமம்தான் இல்லை.

இதை ஜனங்கள் ஏன் வாங்குகிறார்கள்? திருட்டு புத்தி என்று ஒரு வரியில் முடித்துவிடுபவர்கள் மலையில் டிவி பார்த்ததில்லை என்று அர்த்தம்.

2011 செப்டம்பரில் அரசு கேபிள் 70 ரூபாய்க்கு வந்தபோது இங்கே எல்லா லைன் வீட்டிலும் டிவி ஓடியது. 2019-ல் டிராயின் புது விதிமுறை வந்தது. அப்போது 100 சேனல் வரைக்கும் அடிப்படைக் கட்டணம் 130 ரூபாய், 18 சதவீத ஜிஎஸ்டி சேர்த்து 153 ரூபாய் 40 காசு என்று இருந்தது. நாம் நிஜமாகப் பார்க்கும் கட்டணச் சேனல்களுக்கு அதற்கு மேல் தனித்தனியாகக் காசு. "வேண்டியதை மட்டும் தேர்ந்தெடு, செலவு குறையும்" என்பதுதான் அதன் நோக்கம். ஒரே மொழி பேசுகிற வீட்டுக்கு ஒருவேளை குறைந்திருக்கலாம். கூடலூர், பந்தலூர் அப்படிப்பட்ட ஊரா? இந்தப் பக்கம் வயநாடு, அந்தப் பக்கம் மைசூர் ரோடு. தமிழ் வேண்டும், மலையாளம் வேண்டும். தோட்டத்தில் இப்போது ஜார்க்கண்ட், அசாம் பக்கத்து ஆட்கள் வேலைக்கு வந்திருக்கிறார்கள், அவர்களுக்கு இந்தி, போஜ்புரி. கிரிக்கெட்டுக்குத் தனித் தொகுப்பு. இதற்கு மேல் போனில் பார்க்கும் ஓடிடிக்கு வேறு சந்தா. எல்லாவற்றையும் கூட்டினால் மாதம் 500 ரூபாய் சாதாரணமாகத் தாண்டும். பக்கத்தில் வருஷத்துக்கு 1,500 என்று ஒருவன் வந்து நின்றால் கணக்குப் போடத் தெரிந்த யாரும் எந்தப் பக்கம் போவார்கள் என்று சொல்ல வேண்டியதில்லை.

அப்புறம் மழை. இதைக் கீழ்நாட்டில் இருப்பவர்களுக்குப் புரியவைப்பது கஷ்டம். 2019 ஆகஸ்டில் அவலாஞ்சியில் ஒரே நாளில் 80 சென்டிமீட்டருக்கு மேல் கொட்டியது. தேவாலா, பந்தலூர் பக்கம் ஜூனில் தொடங்கினால் ஆகஸ்ட் வரை வானம் மூடியே கிடக்கும். வீட்டு டிஷ்ஷுக்கு வரும் அலை கேயு பேண்ட், அதாவது சுமார் 12 கிகாஹெர்ட்ஸ். அந்த அலையின் நீளம் இரண்டரை சென்டிமீட்டர்தான். கனமழைத் துளிகள் அதை உறிஞ்சியும் சிதறடித்தும் விட்டுவிடும், திரையில் "சிக்னல் இல்லை" என்று வந்துவிடும். (பலர் மிஸ்ட்டைக் குறை சொல்வார்கள். மிஸ்ட் துளி ரொம்பப் பொடிசு, அது இந்த அலையை அவ்வளவாக ஒன்றும் செய்யாது. மழைதான் காரணம்.) கேபிள் ஆபரேட்டர்கள் வைத்திருக்கும் பெரிய டிஷ் சி பேண்ட், அது மழைக்கு அசையாது. ஆனால் அங்கிருந்து வீட்டுக்கு வரும் வயர் மரத்துக்கு மரம் தாவி வருகிறது. ஒரு சில்வர் ஓக் கிளை முறிந்து விழுந்தால் ஒரு லைனே இருட்டு. போதாக்குறைக்கு 2022 நவம்பரில் ஒரு மென்பொருள் சிக்கலில் மாநிலம் முழுக்க லட்சக்கணக்கான அரசு கேபிள் பொட்டிகள் நின்றன.

எல்லாவற்றுக்கும் மேலே, பெரியம்மாவின் சக்தி டிவி. வெளிநாட்டிலிருந்து வரும் சேனலை இங்கே விநியோகிக்க மத்திய தகவல் ஒலிபரப்பு அமைச்சகத்தின் அனுமதி வேண்டும். பெரியம்மாவும் பல வருஷமாகக் கேபிள்காரரிடம் கேட்டுப் பார்த்துவிட்டார். எந்தத் தொகுப்பிலும் இல்லை. காசு கொடுக்கத் தயாராக இருக்கும் ஒரு ஆளுக்கு விற்க யாரும் இல்லாத சரக்கு அது. கறுப்புப் பொட்டிக்காரன் விற்கிறான்.

சரி, அவனுக்கு அது எங்கிருந்து வருகிறது? எங்கேயோ ஒருவர் முறையான சந்தா கட்டிய செட் டாப் பாக்ஸிலிருந்தோ ஓடிடி கணக்கிலிருந்தோ வரும் ஓட்டத்தைப் பிடித்து, கணினியில் மறுபடி சுருக்கி, ஒரு சர்வரில் ஏற்றுகிறார். இப்படிப் பல பேர் ஏற்றியதை இன்னொருவர் ஒரே பட்டியலாகத் தொகுக்கிறார். அந்தப் பட்டியலை நிர்வகிக்க ஒரு மென்பொருள். இதில் பேர்போனது எக்ஸ்ட்ரீம் கோட்ஸ். 2019 செப்டம்பரில் இத்தாலியப் போலீஸ் தலைமையில் பல நாட்டுப் போலீஸ் சேர்ந்து அதை முடக்கினார்கள். ஆனால் அதன் நகல்கள் இன்றைக்கும் ஓடுகின்றன. மேலே இருப்பவர் "கிரெடிட்" என்று மொத்தமாக விற்பார், அதை வாங்கியவர் கீழே இருப்பவருக்குப் பிரித்து விற்பார், கடைசியில் நம்ம ஊர் மொபைல் கடை. கடைக்காரருக்கு மேலே ஒரு வாட்ஸ்அப் நம்பரைத் தவிர வேறு எதுவும் தெரியாது. சேனல் நின்றால் அவரும் அந்த நம்பருக்குத்தான் மெசேஜ் போடுவார். பெரியம்மா லைனிலேயே இன்னொரு வீட்டில் ஏழாவது மாதம் எல்லாச் சேனலும் நின்றுபோய், கட்டிய சந்தா போச்சு. யாரிடம் போய்க் கேட்பது? ரசீதா, பில்லா?

இனி போலீஸ் விஷயம். 1957 காப்புரிமைச் சட்டத்தின் 37-ஆம் பிரிவு ஒலிபரப்பு நிறுவனங்களுக்குத் தங்கள் ஒளிபரப்பின் மேல் 25 வருஷ உரிமை தருகிறது. தெரிந்தே அதை மீறுபவருக்கும் மீறத் துணை போகிறவருக்கும் 63-ஆம் பிரிவில் ஆறு மாதத்திலிருந்து மூன்று வருஷம் வரை சிறை, 50,000 முதல் 2 லட்சம் வரை அபராதம். இது பிணையில் விட முடியாத குற்றம் என்று 2022 மே மாதம் உச்ச நீதிமன்றமும் சொல்லிவிட்டது. 2021 ஜூலையில் தோப் டிவி என்ற செயலியை நடத்தியவரை மகாராஷ்டிர சைபர் போலீஸ் ஹைதராபாத்தில் போய்க் கைது செய்தது இந்த வகை வழக்கில்தான். சிங்கப்பூரில் இன்னும் கறார். அங்கே 2021 நவம்பரில் நடைமுறைக்கு வந்த புதுச் சட்டப்படி இந்த மாதிரிப் பொட்டியை விற்றாலே ஒரு லட்சம் வெள்ளி வரை அபராதமோ ஐந்து வருஷம் வரை சிறையோ, இரண்டுமோ கிடைக்கும்.

பார்ப்பவருக்கு? 2016-ல் முடக்கப்பட்ட தளங்களைத் திறந்தால் "இதைப் பார்ப்பதே குற்றம்" என்கிற தொனியில் ஒரு அறிவிப்பு வந்தது ஞாபகம் இருக்கலாம். அந்த ஆகஸ்டில் பம்பாய் உயர் நீதிமன்றம், வெறுமனே பார்ப்பது குற்றமல்ல, உரிமை இல்லாமல் பரப்புவதும் காட்டுவதும் விற்பதும்தான் குற்றம் என்று சொல்லி அறிவிப்பை மாற்றச் சொன்னது. ஆக, வீட்டுக்குள் உட்கார்ந்து சக்தி டிவி பார்ப்பதற்காகப் பெரியம்மாவைப் பிடிக்கப் போலீஸ் வராது. கடைக்காரர் நிலைமை வேறு. இத்தாலியில் பார்ப்பவருக்கே அபராதம் உண்டு, இங்கே இன்னும் அந்தப் பாதை இல்லை.

இங்கே நீதிமன்றங்கள் குறிவைப்பது ஓட்டத்தை. ஐபிஎல்லின் 2023 முதல் 2027 வரையிலான ஒளிபரப்பு உரிமை 48,390 கோடி ரூபாய்க்குப் போனது. அவ்வளவு கொட்டியவர்கள் சும்மா இருப்பார்களா? 2019-ல் டெல்லி உயர் நீதிமன்றம், முடக்கிய தளம் வேறு பேரில் முளைத்தால் புது வழக்கு போடாமலே அதையும் சேர்த்து முடக்க வழி செய்தது. 2025-ல் ஐபிடிவி செயலிகளுக்கு எதிரான வழக்கில் இன்னும் ஒரு படி மேலே போய், ஆட்டம் நடந்துகொண்டிருக்கும்போதே புதிதாக வரும் முகவரிகளையும் செயலிகளையும் நிறுத்தலாம் என்று உத்தரவு. அதனால்தான் முக்கியமான மேட்ச் அன்றைக்குப் பொட்டி சுற்றிச் சுற்றி நிற்கிறது. "நெட்டு ஸ்லோ" என்று கடைக்காரர் சொல்வது எப்போதும் உண்மையில்லை.

இதுவரை படித்தபோது எனக்குள் கொஞ்சம் நிம்மதிதான் வந்தது. கெட்டால் 1,500 ரூபாய் போகும், அவ்வளவுதானே என்று. பொட்டியைப் பற்றிப் படிக்க ஆரம்பித்ததும் அந்த நிம்மதி போய்விட்டது.

2023 ஜனவரியில் கனடாவில் ஒரு கணினிப் பாதுகாப்பு ஆள் இணையத்தில் வாங்கிய டி95 என்ற ஆண்ட்ராய்டு பொட்டியைத் திறந்து பார்த்தார். அதன் அடிப்படை மென்பொருளுக்குள்ளேயே வேவு நிரல் வைத்து வந்திருந்தது. அதாவது வாங்கியவர் எதையும் தப்பாகத் தொடவில்லை, டப்பாவைப் பிரிக்கும்போதே நோயோடுதான் வந்தது. அந்த வருஷம் அக்டோபரில் ஹியூமன் செக்யூரிட்டி என்ற நிறுவனம் இதே மாதிரி 74,000 கருவிகளைக் கண்டு அதற்கு பேட்பாக்ஸ் என்று பேர் வைத்தது. 2025 ஜூலையில் கூகுள் இதன் இரண்டாம் பதிப்பை எதிர்த்து நியூயார்க்கில் வழக்குப் போட்டபோது எண்ணிக்கை ஒரு கோடியைத் தாண்டியிருந்தது. அதே டிசம்பரில் சீனாவின் எக்ஸ்லேப் ஆய்வாளர்கள் கிம்வுல்ஃப் என்று இன்னொன்றைச் சொன்னார்கள். சுமார் 18 லட்சம் கருவிகள், பெரும்பாலும் வீட்டு டிவிப் பொட்டிகள். பாதிக்கப்பட்ட நாடுகளில் பிரேசிலுக்கு அடுத்து இந்தியா.

இவ்வளவு பொட்டிகளை வைத்து என்ன செய்வார்கள்? பெரியம்மாவின் படத்தையோ பாஸ்வேர்டையோ திருடுவது அவர்களுக்குச் சில்லறைக் காசு. பெரிய காசு அவருடைய இணைய முகவரியில் இருக்கிறது. ஒரு திருடன் ஆயிரம் போலிக் கணக்கு திறக்க வேண்டும், திருடிய பாஸ்வேர்டுகளை வங்கித் தளத்தில் போட்டுப் பார்க்க வேண்டும் என்று வையுங்கள். டேட்டா சென்டர் முகவரியிலிருந்து வந்தால் வங்கி சந்தேகப்பட்டுத் தடுத்துவிடும். பந்தலூரில் ஒரு வீட்டு ஃபைபர் இணைப்பிலிருந்து வந்தால்? அது சாதாரண வீடு. அதனால் இந்தப் பொட்டிகளின் இணைப்பை மணிக்கணக்கில் வாடகைக்கு விடுகிறார்கள். வீட்டு ப்ராக்ஸி வியாபாரம் என்று இதற்குப் பேர். சில நேரம் லட்சக்கணக்கான பொட்டிகளை ஒரே சமயத்தில் ஏவி ஏதோ ஒரு தளத்தை மூச்சுத் திணற வைக்கவும் பயன்படுத்துகிறார்கள். கிம்வுல்ஃபும் அதைச் செய்தது, ஆனால் அதன் முக்கிய வேலை ப்ராக்ஸி வாடகைதான்.

இங்கேதான் போலீஸ் கேள்வி வேறு வேஷத்தில் திரும்பி வருகிறது. சைபர் குற்றத்தில் முதலில் தேடுவது ஐபி முகவரியை. அந்த முகவரி அந்த நேரத்தில் யாருக்குக் கொடுக்கப்பட்டிருந்தது என்று இணைய நிறுவனம் பதிவு வைத்திருக்கும். இணைப்பு பெரியம்மா பேரில், அவருடைய ஆதாரைக் கொடுத்து வாங்கியது. தொடர் பார்த்ததற்காக யாரும் வர மாட்டார்கள். எவனோ எங்கிருந்தோ அவர் வீட்டு வழியாகச் செய்த காரியத்துக்காக வரலாம். எழுபது தாண்டிய மனுஷி "எனக்குத் தெரியாது சார்" என்று சொன்னால் கடைசியில் நம்பத்தான் நம்புவார்கள், ஆனால் அதற்குள் எத்தனை தடவை ஊட்டிக்கு பஸ் ஏற வேண்டியிருக்கும்?

அமெரிக்காவின் எஃப்பிஐ 2025 ஜூனில் வெளியிட்ட எச்சரிக்கையில் சந்தேகப்பட வேண்டிய அடையாளங்களைச் சொல்லியிருந்தது. பேர் தெரியாத பிராண்டு. காசில்லாமல் எல்லாம் பார்க்கலாம் என்ற விளம்பரம். ப்ளே ப்ரொடெக்ட் சான்று இல்லாதது, அல்லது அதை அணைக்கச் சொல்வது. வேறு ஏதோ கடையிலிருந்து செயலி இறக்கச் சொல்வது. காரணம் புரியாத இணையப் போக்குவரத்து. கடைசியைத் தவிர மற்றதெல்லாம் பெரியம்மா வீட்டுப் பொட்டிக்கு அப்படியே பொருந்தியது.

கடைசியையும் பார்த்துவிடலாம் என்று மறுபடி பந்தலூர் போனேன். ராத்திரி எல்லா போனையும் வைஃபையிலிருந்து கழற்றிவிட்டு, டிவியை அணைத்துவிட்டு, பொட்டியை மட்டும் கரண்டில் விட்டேன். காலையில் இணையக் கணக்கில் பார்த்தால் மூன்று ஜிபிக்கு மேல் அப்லோட். டவுன்லோட் ஆகியிருந்தால் ஏதோ அப்டேட் என்று விட்டிருப்பேன். டிவி பார்க்கும் பொட்டிக்கு ராத்திரி முழுக்க வெளியே அனுப்ப என்ன இருக்கிறது?

இதில் இன்னொருவரையும் சொல்ல வேண்டும். பெரியம்மா லைனுக்குக் கேபிள் போட்டுக் கொடுத்தவர். தனி ஒப்பந்தம் இல்லாத இடத்தில் அந்த 130 ரூபாயில் உள்ளூர் ஆபரேட்டருக்கு டிராய் விதிப்படி 45 சதவீதம், அதாவது 58 ரூபாய் 50 காசு என்று இருந்தது. அதற்குத்தான் மனுஷன் மழைக்கோட்டு போட்டுக்கொண்டு, அட்டைக் கடியோடு, யானை நிற்குதா என்று பார்த்துப் பார்த்து லைன் ஏறுகிறார். இந்த மலையில் அவருக்கு இணைப்புகள் குறைந்துகொண்டே வருகின்றன. "பொட்டிய வாங்கிட்டுப் போறாங்க, அது நின்னா என்னையத்தான் கூப்புடுறாங்க" என்றார். சிரித்துக்கொண்டேதான் சொன்னார்.

பெரியம்மாவிடம் உட்கார்ந்து எல்லாம் சொன்னேன். பார்த்ததுக்குப் போலீஸ் புடிக்காது பெரியம்மா, ஆனா இந்தப் பொட்டி ராத்திரியில நம்ம வீட்டுக் கதவத் தெறந்து வச்சிருக்கு என்று. கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். அப்புறம் அவரே எழுந்து வயரைப் பிடுங்கினார். "2,500 ரூவாய்க்கு வாங்குனது" என்று மட்டும் சொன்னார்.

இப்போதைக்குக் கேபிளைத் தமிழ் தொகுப்போடு திரும்பப் போட்டாயிற்று. கொழும்புச் செய்திக்கு நியூஸ்ஃபர்ஸ்ட் தமிழ் யூடியூபில் அதிகாரபூர்வமாகவே வருகிறது. அதைப் பேரன் போனிலிருந்து டிவிக்கு அனுப்பக் காட்டிக்கொடுத்தேன், ஒரு வாரத்தில் பழகிவிட்டார். பேரன் போன், பெரியம்மா போன் இரண்டிலும் பாஸ்வேர்டுகளையும் யுபிஐ பின்னையும் மாற்றினோம், வைஃபை பாஸ்வேர்டையும். பழையபடி பொட்டி வைத்துத்தான் ஆவேன் என்று யாராவது அடம்பிடித்தால், ரௌட்டரில் விருந்தினர் இணைப்பு என்று தனியாக ஒன்று இருக்கும், குறைந்தபட்சம் அதில் போடுங்கள். வீட்டு போன்கள் தப்பிக்கும். ஐபி முகவரி விஷயம் அப்படியேதான் இருக்கும்.

பொட்டி இப்போது என் மேசை மேல், பேட்டரி இல்லாத ரிமோட்டோடு கிடக்கிறது. சக்தி டிவியை நேரலையில் முழுசாகப் பார்க்க ஒழுங்கான வழி ஒன்றுமே இல்லையா என்று பெரியம்மா போன் பண்ணும்போதெல்லாம் கேட்கிறார். பந்தலூரில் உட்கார்ந்து காசு கட்டிப் பார்க்கிற மாதிரி ஒன்று யாருக்காவது தெரிந்தால் எழுதுங்கள், அவருக்கு சொல்லிவிடுகிறேன்.